தங்கவயலில் 'பார்க்க வேண்டிய இடங்கள்': ஒரு பட்டியலோடு சண்டை

போன மாசம் நண்பர் ஒருவர் ஒரு காணொளி இணைப்பு அனுப்பினார். கோலார் தங்கவயலில் பார்க்க வேண்டிய பத்து இடங்கள். பழைய கிளப், கோல்ஃப் மைதானம், ஓடு வேய்ந்த பங்களாக்கள், கல் கட்டடத் தேவாலயம், துருப்பிடித்த ஷாஃப்ட் கோபுரம், 'கேஜிஎஃப் படம் எடுத்த சயனைடு மலை', கடைசியாகப் பக்கத்து ஊர் கோடிலிங்கேஸ்வரர் கோயில். பின்னணியில் ஒரு குரல் திரும்பத் திரும்பச் சொல்கிறது: "இதுதான் குட்டி இங்கிலாந்து."

எதிலும் பொய் இல்லை. எல்லா இடமும் இருக்கிறது, நானே போய்ப் பார்த்திருக்கிறேன். ஆனாலும் முழுசாகப் பார்த்து முடித்ததும் ஒரு கேள்வி வந்தது. நூற்றிருபது வருஷம் ஓடிய சுரங்கம் இது. உச்சத்தில் முப்பதாயிரம் பேர் வரை வேலை பார்த்த இடம். அவர்களில் ஒருவர்கூடக் குடியிருந்த, சாமி கும்பிட்ட, படித்த, சண்டை போட்ட இடம் அந்தப் பத்தில் ஏன் இல்லை?

இப்படி ஒரு காணொளி மட்டும் இருந்தால் விட்டுவிடலாம். தங்கவயலைப் பற்றி வரும் பத்திரிகைக் கட்டுரை, பயணக் குறிப்பு, ஞாயிற்றுக்கிழமை மலர் எல்லாவற்றுக்கும் இதே அச்சுதான். அதனால் இதை ஒரு விமர்சனமாகவே எழுதுகிறேன். விமர்சனம் அந்தக் காணொளி மேல் அல்ல, அந்த அச்சின் மேல்.

அந்த அச்சு எப்படி வேலை செய்கிறது

முதலில் வழக்கமாகச் சொல்லப்படும் வரலாறு. 1802இல் மைசூர் எல்லையை அளக்க வந்த ஜான் வாரன் என்ற படை அதிகாரி, மாரிகுப்பம், உரிகம் பக்கத்தில் ஜனங்கள் மண்ணிலிருந்து தங்கம் எடுப்பதைக் கேள்விப்பட்டு எழுதி வைத்தார். எழுபது வருஷம் கழித்து லாவெல் என்ற அயர்லாந்துக்காரர், ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்றவர், மைசூர் அரசிடம் தோண்டுவதற்கு உரிமை வாங்கினார். அவருக்குக் கைப்பணம் போதவில்லை. 1880இல் லண்டன் ஜான் டெய்லர் கம்பெனி உள்ளே வந்தது. அதன் பிறகுதான் தங்கம் கொட்டியது.

இந்தக் கதையில் பெயர் உள்ளவர்கள் மூன்று பேர், மூன்று பேரும் வெள்ளைக்காரர்கள். ஆனால் வாரன் கதையைக் கொஞ்சம் நிதானமாகப் படித்துப் பாருங்கள். அவர் தங்கத்தைக் கண்டுபிடிக்கவில்லை. தங்கம் எடுத்துக்கொண்டிருந்தவர்களைக் கண்டுபிடித்தார். நாம் பள்ளிக்கூடத்தில் படித்த 'கண்டுபிடித்தார்' என்ற வார்த்தைக்குள் அந்த ஜனங்கள் காணாமல் போய்விட்டார்கள்.

ஊர்ப் பெயர்களிலும் இதே விளையாட்டு. ராபர்ட்சன்பேட்டை மைசூரில் ரெசிடென்ட்டாக இருந்தவரின் பெயர். ஆண்டர்சன்பேட்டையும் ஓர் ஆங்கிலப் பெயரைத் தாங்கி நிற்கிறது. ஆனால் தமிழில் இந்த ஊருக்கு வேறொரு பெயர் நிலைத்தது: தங்கவயல். வெறும் மொழிபெயர்ப்புதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் யோசித்துப் பாருங்கள். வடஆற்காடு, சித்தூர், சேலம் பக்கத்திலிருந்து நடந்து வந்தவர்களில் பெரும்பாலோர் தலித்துகள், பிறர் நிலத்தில் பண்ணை வேலை பார்த்தவர்கள். ஊரில் ஒரு காணி வயலுக்கு வழியில்லாதவர்கள் வந்து இறங்கிய இடத்துக்குப் பெயர் வயல். அதுவும் அவர்களுக்குச் சொந்தமில்லை.

மின்சாரப் பெருமை

'பெங்களூருக்கு முன்னாலேயே மின்சாரம் வந்த ஊர்' என்று எல்லாக் கட்டுரையும் சொல்லும். உண்மைதான். 1902இல் காவிரியின் சிவனசமுத்திரத்தில் மின்சாரம் எடுத்து, ஏறத்தாழ 147 கிலோமீட்டர் கம்பி இழுத்துத் தங்கவயலுக்குக் கொண்டுவந்தார்கள். அந்தக் காலத்தில் உலகத்திலேயே மிக நீண்ட மின்பாதைகளில் ஒன்று. பெங்களூர் தெருவிளக்கு எரிந்தது 1905இல்தான்.

இதைச் சொல்லும்போது ஒரு படம் மனசில் வருகிறது, இல்லையா? ஊர் பூராவும் விளக்கு, வீதியில் வெளிச்சம். ஆனால் மின்சாரம் கேட்டது ஊர் அல்ல, கம்பெனி. எதுக்கு? பாறையை இடிக்கும் இயந்திரங்களை ஓட்ட, கேஜ்களை ஏற்றி இறக்க, கீழே தேங்கும் தண்ணீரை இறைக்க. நிலக்கரியும் விறகும் எரித்துக் கட்டுப்படி ஆகாததால் அருவியைப் பிடித்தார்கள். பொறியியல் சாதனையைக் குறைத்துச் சொல்லவில்லை. அதை 'ஊருக்கு மின்சாரம்' என்று சொல்லும்போது, யாருக்குக் கிடைத்தது என்ற கேள்வி மூடிப்போகிறது. அருவி வெட்டிய பணத்துக்குக் கணக்கு இருக்கிறது. அதே காலத்தில் தொழிலாளி குடியிருந்தது மூங்கில் தட்டி அடித்த குடிசை. அதற்கு 'தட்டி' என்றே பேர்.

ஆழத்தின் பெருமை

அடுத்த பெருமை ஆழம். சாம்பியன் ரீஃப் சுரங்கம் மூன்று கிலோமீட்டருக்கும் கீழே போனது. உலகத்தின் மிக ஆழமான சுரங்கங்களில் ஒன்று. அவ்வளவு கீழே பாறையின் சூடு 65 டிகிரி செல்சியஸ். மேலிருந்து குளிர்ந்த காற்றை அனுப்பினால்தான் ஆள் நிற்க முடியும். போதாக்குறைக்குப் பாறை வெடிப்பு. தோண்டித் தோண்டிப் பாறையின் மேல் அழுத்தம் ஏறி, ஒரு நொடியில் சுவரே சிதறி உள்ளே இருப்பவர்களை மூடும். மேலே ஊரில் வீடுகள் அதிரும். அந்த அதிர்ச்சி வந்த உடனே பெண்கள் ஷாஃப்ட் வாசலுக்கு ஓடுவார்களாம். இதைத் தங்கவயல்காரர் யாரிடம் கேட்டாலும் சொல்வார்கள்.

இந்த ஆழத்தில்தான் 1965இல் டாட்டா ஆராய்ச்சி நிலைய விஞ்ஞானிகள், ஜப்பான், இங்கிலாந்து ஆட்களோடு சேர்ந்து, காஸ்மிக் கதிர்களால் உண்டாகும் நியூட்ரினோவைப் பதிவு செய்தார்கள். உலகத்தில் முதன்முதலாக அப்படிப் பதிவு செய்யப்பட்ட இரண்டு இடங்களில் ஒன்று தங்கவயல், மற்றது தென்னாப்பிரிக்காவின் ஒரு தங்கச் சுரங்கம். இரண்டும் சுரங்கமாக இருந்ததில் தற்செயல் எதுவுமில்லை. தேவையில்லாத கதிர்களைத் தடுக்க இரண்டு கிலோமீட்டருக்கு மேல் பாறைக் கூரை வேண்டும். அந்த ஓட்டையை யாரோ ஏற்கெனவே போட்டு வைத்திருந்தார்கள்.

அந்த 'யாரோ'வின் உடம்புக்கு என்ன ஆனது என்பதற்கும் ஒரு அறிவியல் பதிவு உண்டு. இந்தியாவில் சிலிகோசிஸ் நோயைப் பற்றி வந்த முதல் அறிக்கை இந்தச் சுரங்கத்திலிருந்துதான், 1947இல். ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட தொழிலாளர்களைச் சோதித்துப் பார்த்ததில் நூற்றுக்கு நாற்பது பேருக்கு மேல் நுரையீரலில் பாறைத் தூசி. இரண்டுமே இந்திய அறிவியல் வரலாற்றில் முதல். ஒன்றைப் பெருமையோடு எழுதுகிறோம், இன்னொன்று மருத்துவப் பாடப்புத்தகத்தில் ஒரு வரியாகக் கிடக்கிறது.

இரண்டு படங்கள்

இந்த ஊரைத் தெரியாதவர்களுக்கும் தெரிய வைத்தது 2018இல் வந்த கன்னடப் படம். அது கற்பனைக் கதை, நாராச்சி என்ற ஊரே கற்பனை. அதை வரலாற்றுத் தவறு என்று திட்டுவதில் அர்த்தமில்லை. என் குறை வேறு. படத்தில் தொழிலாளிகள் வாயில்லாத அடிமைகள். வெளியே இருந்து ஒருத்தன் வந்து சுத்தியலைத் தூக்கும் வரைக்கும் அவர்களுக்குச் சொந்தமாக ஒரு யோசனை கிடையாது. 'கேஜிஎஃப்' என்ற பெயரை மட்டும் எடுத்துக்கொண்டு, அந்த மூன்று எழுத்துக்குப் பின்னால் இருந்த தொழிற்சங்க வரலாற்றை அப்படியே கழற்றி வைத்துவிட்டார்கள்.

2024இல் பா. ரஞ்சித்தின் 'தங்கலான்' அதைச் சரிசெய்யப் பார்த்தது. மிராசுதாரிடம் நிலத்தை இழந்த வடஆற்காட்டு ஜனங்கள்தான் அதில் மையம். தங்கம் எடுத்தவன் யார் என்ற கேள்விக்கு நேரடியான பதில். பௌத்தத்தின் சுவடும் உண்டு. எனக்குப் பிடித்தது. ஆனால் அதுவும் ஊர் உருவாவதற்கு முன்னாலேயே நின்றுவிடுகிறது. முதல் படம் ஊரை நரகமாக்கியது, இரண்டாவது படம் ஊரைப் புராணமாக்கியது. இடையில் ஒரு நூற்றாண்டு ஜனங்கள் ஷிஃப்ட்டுக்குப் போய்வந்து, சம்பளம் வாங்கி, பிள்ளையைப் படிக்க வைத்த ஊர் இன்னும் எந்தத் திரையிலும் வரவில்லை.

என் பட்டியல்

குறை மட்டும் சொல்லிவிட்டுப் போனால் நியாயமில்லை. அதனால் என் பட்டியல். பத்து இல்லை, நாலுதான்.

ஒன்று, கைரேகை. இதற்குக் கட்டடம் கிடையாது. தங்கம் திருடுகிறார்கள் என்ற சந்தேகத்திலேயே ஓடிய நிர்வாகம் அது. காவல், சோதனை, தனிச் சட்டம் எல்லாம் இருந்தது. 1930இல் தொழிலாளர்கள் எல்லாரும் கைரேகை வைத்துப் பதிவு செய்ய வேண்டும் என்று சொன்னபோது, மறுத்து வேலையை நிறுத்தினார்கள். ஏறத்தாழ மூன்று வாரம் சுரங்கம் முடங்கியது. முறையான சங்கம் இல்லாத காலம் அது. சம்பளத்துக்காக இல்லை, 'நாங்க திருடனுங்க இல்ல' என்பதற்காக நடந்த வேலைநிறுத்தம். 1946இல் இன்னும் பெரிய போராட்டம், அந்த நவம்பரில் உயிர்கள் போயின. அந்தத் தியாகிகளை இந்த ஊர் இன்றும் நினைவுகூர்கிறது. பயணக் காணொளிகளில் அந்த நினைவு இல்லை.

இரண்டு, சித்தார்த்த புத்தகசாலை. அயோத்திதாசர் சென்னையில் 1907இல் தொடங்கிய தமிழன் இதழ் அவர் 1914இல் மறைந்த பிறகு தொடர்ந்து நடக்க முடியாமல் போனது. 1926இல் அதற்குத் திரும்ப உயிர் வந்தது தங்கவயலில், ஜி. அப்பாதுரையார் ஆசிரியராக இருந்து நடத்தினார். மாரிகுப்பத்திலும் சாம்பியன் ரீஃப்பிலும் தமிழ்ப் பௌத்தச் சங்கங்கள் இருந்தன. அயோத்திதாசரின் நூல்களை மறுபடி மறுபடி அச்சடித்தது இந்தப் புத்தகசாலை. 1999இல் ஞான. அலாய்சியஸ் அயோத்திதாசரின் எழுத்துகளைத் தொகுத்து வெளியிட்ட பிறகுதான் தமிழ் அறிவுலகம் 'அட, இப்படி ஒருத்தரா' என்று திரும்பிப் பார்த்தது. அதற்கு அறுபது எழுபது வருஷம் முன்னால் சுரங்கத் தொழிலாளிகள் தங்கள் சம்பளக் காசில் அவரைப் படித்துக்கொண்டிருந்தார்கள். தமிழ் அச்சு வரலாற்றில் தங்கவயலுக்கு இருக்கும் இடம் ஒரு கோல்ஃப் மைதானத்தைவிடச் சின்னதா?

மூன்று, சயனைடு மேடு. காணொளியிலும் இது இருக்கிறது, படப்பிடிப்பு இடமாக. உண்மையில் அது என்ன? பூமிக்குள்ளிருந்து எடுத்த பாறையை மாவாக இடித்து, சயனைடு கரைசலில் தங்கத்தைக் கரைத்து எடுத்தபின் மிஞ்சிய மண். மூன்று கோடி டன்னுக்கு மேல். சுரங்கத்தின் மொத்த வாழ்நாளில் எடுத்த தங்கம் 800 டன் அளவு என்பார்கள். மேடு எவ்வளவு, தங்கம் எவ்வளவு என்று நீங்களே கணக்குப் பாருங்கள். தங்கம் போய்விட்டது, மேடு இங்கேயே இருக்கிறது. காத்தடிக்கிற காலத்தில் அதன் தூசி சமையலறை வரைக்கும் வருகிறது. இந்த மண்ணிலும் கொஞ்சம் தங்கம் மிச்சம் இருப்பதால், திரும்பச் சலித்தெடுக்கும் திட்டத்துக்கு 2024இல் கர்நாடக அரசு ஒப்புதல் கொடுத்தது. இன்னொரு முறை தங்கம் போகும். இந்த முறையாவது ஊருக்கு என்ன மிஞ்சும் என்று கேட்க வேண்டாமா?

நாலு, ரயில். 1894இல் போட்ட கிளைப்பாதை. பங்காரப்பேட்டையில் பிரிந்து கோரமண்டல், உரிகம், சாம்பியன் தாண்டி மாரிகுப்பத்தில் முடிகிறது. சுரங்கத்துக்காகப் போட்ட பாதை. 2001 பிப்ரவரி 28ஆம் தேதி சுரங்கத்தை மூடினார்கள். பாதை மூடவில்லை. இன்றைக்குத் தங்கவயலை உயிரோடு வைத்திருப்பது அதுதான். விடியற்காலை இருட்டில் கிளம்பி, பெங்களூரில் செக்யூரிட்டி, ஹவுஸ்கீப்பிங், ஆபீஸ், ஃபேக்டரி என்று வேலை பார்த்துவிட்டு ராத்திரி திரும்புகிற ஆயிரக்கணக்கான ஜனம். தாத்தா மூன்று கிலோமீட்டர் கீழே போனார், பேரன் நூறு கிலோமீட்டர் பக்கவாட்டில் போகிறான். ஷிஃப்ட்டு மட்டும் மாறவில்லை.

பெரியவர் சொன்னது

இதுவரைக்கும் எழுதி முடித்து, என் வாதம் சரியாக இருக்கிறது என்ற திருப்தியில் இருந்தேன். அதைக் குலைத்தவர் சாம்பியன் பக்கம் டீக்கடையில் சந்தித்த ஒரு பெரியவர். முப்பது வருஷம் அண்டர்கிரவுண்டில் வேலை பார்த்தவர்.

"ஐயா, அந்த கிளப்புக்குள்ள போயிருக்கீங்களா?" என்று கேட்டேன். அவர் வாயிலிருந்து கசப்பாக ஏதாவது வரும் என்று எதிர்பார்த்தேன்.

"எங்கண்ணன் போவான் தம்பி, பந்து பொறுக்க. நாலணா குடுப்பாங்க" என்று சிரித்தார். அப்புறம் அவராகவே சொன்னார்: "அப்போ இது குட்டி இங்கிலாந்து தம்பி. அப்படி இருந்த ஊரு."

எனக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. நான் எந்தச் சொல்லோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தேனோ அதையே அவர் பெருமையாகச் சொல்கிறார். "உங்களுக்கு என்னங்கய்யா இங்கிலாந்து, தட்டிலதானே இருந்தீங்க?" என்று கேட்டேவிட்டேன். கொஞ்சம் அதிகப்பிரசங்கித்தனம்தான்.

அவர் கோபப்படவில்லை. "எங்கப்பா ஊர்ல செருப்புப் போட்டுத் தெருவுல நடக்க முடியாது. கூலி கேட்டா நெல்லு அளப்பாங்க, அதுவும் அவங்க நெனச்சப்போ. இங்க வந்தாரு. சங்கு ஊதுனா வேலை, சங்கு ஊதுனா வீடு. மாசம் பொறந்தா காசு. புள்ளைங்களுக்கு ஸ்கூலு. ஒடம்பு சரியில்லன்னா ஆஸ்பத்திரி. போதாதா?"

அவருடைய இங்கிலாந்தில் கிளப் இல்லை. ஆண்டை இல்லாத ஊர் அது. காசுக்கு வேலை, கடிகாரத்துக்கு நேரம், கைரேகை கேட்டால் மறுக்கும் தைரியம். அந்தத் தைரியத்தைக் கம்பெனி கொடுக்கவில்லை. கூலி லைனில் பக்கத்துப் பக்கத்தில் குடியிருந்து, இதழ் படித்து, சங்கம் கட்டி அவர்களே உண்டாக்கிக்கொண்டார்கள். ஒரே சொல்லைக் காணொளிக்காரரும் பெரியவரும் சொல்கிறார்கள். அவர் பங்களாவைக் காட்டுகிறார், இவர் விடுதலையைச் சொல்கிறார்.

ஆகவே என் விமர்சனத்தைக் கொஞ்சம் திருத்திக்கொள்கிறேன். 'குட்டி இங்கிலாந்து' என்ற பெயரைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. அது யார் வாயிலிருந்து வருகிறது என்று கேட்டால் போதும். கிளப்பையும் தேவாலயத்தையும் இடிக்கவும் வேண்டாம். அங்கே ஆங்கிலோ இந்தியக் குடும்பங்களின் வாழ்க்கையும் இருக்கிறது, அதுவும் இந்த ஊர்தான்.

எதற்கு இவ்வளவு?

பட்டியல்தானே, அதற்கு ஏன் இவ்வளவு என்று கேட்கலாம். பட்டியல் வெறும் பட்டியல் இல்லை. சுரங்கம் மூடிய ஊருக்கு அடுத்து வருவது சுற்றுலாத் திட்டம். எதற்குச் சுண்ணாம்பு அடிப்பது, எதற்குப் பெயர்ப்பலகை வைப்பது, எதை இடிப்பது என்று ஒருநாள் அதிகாரிகள் உட்கார்ந்து முடிவு செய்வார்கள். அப்போது அவர்கள் கையில் இருக்கப் போவது இந்தப் பட்டியல்தான். கிளப் மரபுச் சின்னமாகும். இன்னும் முன்னாள் தொழிலாளர் குடும்பங்கள் வசிக்கும் லைன் வீடுகள் 'காலி செய்ய வேண்டிய பழைய கட்டடங்கள்' ஆகும். தமிழ்நாட்டுக்கு அது கர்நாடக ஊர், கர்நாடகத்துக்கு அது தமிழர் ஊர். இரண்டு பக்கமும் கேட்க ஆள் குறைவு.

அடுத்த தடவை தங்கவயல் போனால் ஒன்று செய்யுங்கள். காரில் போகாதீர்கள். பெங்களூரிலிருந்து சாயங்காலம் திரும்பும் மாரிகுப்பம் ரயிலில் ஏறுங்கள். உட்கார இடம் கிடைக்காது, பரவாயில்லை. சாம்பியனில் இறங்கி, கூட்டம் எந்தப் பக்கம் நடக்கிறதோ அந்தப் பக்கம் நடங்கள். கிளப்பை மறுநாள் காலையில் பார்த்துக்கொள்ளலாம்.